கிப்லாவை நோக்குவோரைப் பற்றி இமாம் தஹாவி (ரஹ்)



கடந்த ரமளானில் நாம் ஜகாத் பொருட்கள் வழங்கிக்கொண்டிருந்தபோது, வரிசையில் நின்ற ஒரு சகோதரரைக் காட்டி, “இவர் அந்த இயக்கத்துக்காரர். இவருக்குக் கொடுத்தால் ஜகாத் நிறைவேறுமா?” என்று ஒருவர் கேட்டுவிட்டார். அந்தச் சகோதரர் பையை வாங்காமலே போய்விட்டார். மறுநாள் வீட்டுக்கே கொண்டுபோய்க் கொடுத்தோம். கேட்டவர் கெட்ட எண்ணத்தில் கேட்கவில்லை. மார்க்கச் சந்தேகமாகத்தான் கேட்டார். ஆகவே மார்க்க நூலைக் கொண்டே விளக்குவது முறை.

எகிப்தைச் சேர்ந்த இமாம் அபூ ஜஅஃபர் தஹாவி (ரஹ்) அவர்கள் ஹிஜ்ரி 321இல், அதாவது கி.பி. 933இல் வஃபாத்தானார்கள். அன்னாரின் தாய்மாமா இமாம் முஸனீ (ரஹ்), இமாம் ஷாஃபிஈ (ரஹ்) அவர்களின் நேரடி மாணவர். மாமாவிடம் ஷாஃபிஈ சட்டம் படித்த மருமகன், பிறகு ஹனஃபி மத்ஹபுக்கு மாறினார்கள். நீ தேறமாட்டாய் என்று மாமா ஒருமுறை கோபத்தில் சத்தியமிட்டுச் சொன்னாராம். பின்னாளில் பெரிய நூலொன்றை எழுதி முடித்ததும், மாமா இன்று இருந்தால் அந்தச் சத்தியத்துக்குக் கஃப்பாரா கொடுக்க வேண்டியிருக்கும் என்றார்களாம் தஹாவி இமாம். அதையும் மாமாவுக்கு துஆச் செய்தபடியேதான் சொன்னார்கள் என்று வரலாற்றில் வருகிறது. ஒரே ஊரில் ஷாஃபிஈ பள்ளியில் அஸர் முடிந்து ஏறக்குறைய ஒரு மணி நேரம் கழித்து ஹனஃபி பள்ளியில் பாங்கு கேட்கும் நமக்கு இது அந்நியமான வீட்டுக்கதை அல்ல.

அவர்கள் பிறப்பதற்குச் சில ஆண்டுகள் முன்புவரை, குர்ஆன் படைக்கப்பட்டதா இல்லையா என்ற சர்ச்சையில் பக்தாத் கலீஃபாக்கள் ஆலிம்களை விசாரித்துத் தண்டித்து வந்தார்கள். இமாம் அஹ்மத் பின் ஹன்பல் (ரஹ்) சிறையில் கசையடி பட்டது அப்போதுதான். அந்தக் காயம் ஆறாத காலத்தில், இமாம் அபூஹனீஃபா, அபூயூசுஃப், முஹம்மத் (ரஹ்) மூவரின் கொள்கை என்று சொல்லித் தஹாவி இமாம் எழுதியதே ‘அல்அகீதத்துத் தஹாவிய்யா’. ஒரே அமர்வில் ஓதி முடித்துவிடலாம். தவ்ஹீத், மிஃராஜ், ஷஃபாஅத், கத்ர், ஸஹாபாக்களை நேசிப்பது, வலிமார்களின் கராமத் எல்லாம் அதில் உண்டு.

நமக்கு வேண்டியது நடுவில் இருக்கிறது. நபி (ஸல்) அவர்கள் கொண்டுவந்ததை ஏற்று, நம் கிப்லாவை நோக்குபவரை முஸ்லிம், முஃமின் என்றே சொல்ல வேண்டும். பாவத்தை ஹலால் என்று கருதாதவரை, பாவம் செய்ததற்காக அவரைக் காஃபிராக்கக் கூடாது. அவர் நல்லவரோ பாவியோ, அவர் பின்னால் தொழலாம். இறந்தால் ஜனாஸா தொழ வேண்டும். உள்ளத்து ரகசியம் அல்லாஹ்வைச் சேர்ந்தது. அதே நேரம், நம்பினால் போதும், பாவம் எதுவும் செய்யாது என்ற பேச்சையும் இமாம் மறுக்கிறார்கள். கதவு திறந்திருக்கிறது, ஆனால் நிலைப்படி இருக்கிறது.

வேடிக்கை என்னவென்றால், இன்று ஒருவரையொருவர் குறை சொல்லும் இரு தரப்பாரும் இந்த நூலைத் தங்கள் நூலாகவே போதிக்கிறார்கள். மாத்ரூதி வழி வந்த ஹனஃபி ஆலிம்களும் இதற்கு விளக்கவுரை எழுதினார்கள். இப்னு அபில் இஸ் (ரஹ்) எழுதிய உரையோ சவூதி பல்கலைக்கழகங்களில் பாடம். விளக்கத்தில் வேறுபடலாம், மூலம் ஒன்றுதான்.

ஜகாத்துக்கு உரியவர்கள் எட்டு வகையினர் என்று தவ்பா அத்தியாயம் 60ஆம் வசனம் சொல்கிறது. ஏழை என்ற தகுதிதான் அங்கே முதலில் வருகிறது. எந்த இயக்கம் என்பது அந்த எட்டில் எதிலும் இல்லை. அடுத்த ரமளானுக்கான விண்ணப்பத்தில் குடும்ப வருமானம், கடன், நோய், பிள்ளைகளின் படிப்பு ஆகியவற்றை மட்டும் கேட்டிருக்கிறோம்.