இறந்தவனை விசாரிக்கும் உலகம்: எமது பிள்ளைகள் வாசிக்கும் நாவல்கள்

கனடாவிலும் பிரித்தானியாவிலும் மேல்வகுப்புகளில் படிக்கும் எமது பிள்ளைகளின் புத்தகப் பைகளில் சில காலமாக ஒருவகை ஆங்கில நாவல்களைக் காண்கிறோம். அட்டையைப் பார்த்துவிட்டு, "படிப்புக்கு இது என்னத்துக்கு?" என்று கேட்கும் பெற்றோரும் எம்மிடையே உண்டு. இந்த நாவல்கள் எதைப் பேசுகின்றன, நாமும் ஏன் அவற்றை வாசிக்க வேண்டும் என்பதை இங்கு பார்ப்போம்.

இவை பதின்ம வயதினருக்காக எழுதப்பட்டவை. அமெரிக்காவில் கறுப்பினப் பிள்ளைகள் பொலிஸாரால் சுடப்படுவதையும் தாக்கப்படுவதையும், அதன்பின் குடும்பங்களும் நண்பர்களும் படும் துயரத்தையும் சொல்பவை. ஆனால் துப்பாக்கிச் சூடு இந்தக் கதைகளின் தொடக்கம் மட்டுமே. சுட்டது யார் என்பதில் எவருக்கும் சந்தேகம் இல்லை. அதன்பின் ஊர் விசாரிப்பது சுட்டவரை அல்ல, இறந்தவனை. அவன் எப்படிப்பட்டவன், யாரோடு திரிந்தான், என்ன தொழில் செய்தான் என்று கேட்கிறார்கள். இறந்தவனால் பதில் சொல்ல முடியாது. அவனுக்காக யார் பேசுவது என்பதுதான் இந்த நாவல்களின் மையக் கேள்வி.

கதைகளுக்குப் பின்னால் நடந்தவை

2009 ஜனவரி 1 ஆம் திகதி அதிகாலை, கலிபோர்னியாவின் ஓக்லண்ட் நகரில் ரயில் நிலையமொன்றில் 22 வயதான ஒஸ்கார் கிராண்ட், நிலத்தில் குப்புறக் கிடந்த நிலையில் ரயில் சேவைப் பொலிஸ்காரர் ஒருவரால் சுடப்பட்டு இறந்தார். பயணிகள் அதைத் தொலைபேசியில் பதிவு செய்தார்கள். அப்போது மிசிசிப்பி மாநிலத்தில் பல்கலைக்கழக மாணவியாக இருந்த அஞ்சி தோமஸ், அந்தக் கோபத்தில் ஒரு சிறுகதை எழுதினார். அது வளர்ந்து 2017 பெப்ரவரியில் 'த ஹேட் யு கிவ்' என்ற நாவலாக வந்தது. 2018 இல் திரைப்படமாகவும் வந்தது.

2012 பெப்ரவரியில் புளோரிடாவில் 17 வயதான ட்ரேவோன் மார்ட்டினைச் சுட்டவர் பொலிஸ்காரர் அல்ல. குடியிருப்பில் தன்னார்வமாகக் காவல் பார்த்தவர். 2013 யூலையில் அவர் குற்றவாளி அல்ல என்று தீர்ப்பு வந்தபோது, ஜேசன் ரெனால்ட்ஸ் என்ற கறுப்பின எழுத்தாளரும் பிரெண்டன் கைலி என்ற வெள்ளையின எழுத்தாளரும் ஒன்றாகப் புத்தகப் பயணத்தில் இருந்தார்கள். அவர்களிடையே அன்று தொடங்கிய பேச்சிலிருந்து பிறந்தது 2015 இல் வெளியான 'ஆல் அமெரிக்கன் போய்ஸ்'.

2014 நவம்பரில் கிளீவ்லாண்ட் நகரப் பூங்காவில் விளையாட்டுத் துப்பாக்கி வைத்திருந்த 12 வயதான டமீர் ரைஸ், பொலிஸ் வாகனம் வந்து நின்ற சில நொடிகளில் சுடப்பட்டான். ஜுவல் பார்க்கர் ரோட்ஸ் 2018 இல் எழுதிய 'கோஸ்ட் போய்ஸ்' நாவலின் சிறுவனுக்கும் வயது 12. அவன் கையிலும் விளையாட்டுத் துப்பாக்கி.

ஒரு பக்கம் மட்டும் எழுதப்படும் கணக்கு

'த ஹேட் யு கிவ்' நாவலின் நாயகி ஸ்ரார், 16 வயது மாணவி. வீடு இருப்பது வறிய கறுப்பினக் குடியிருப்பில். படிப்பது வெள்ளைப் பிள்ளைகள் நிறைந்த தனியார் பாடசாலையில். இரண்டு இடத்திலும் இரண்டு விதமாகப் பேசிப் பழகியவள். ஓர் இரவு சிறுவயது நண்பன் கலீலோடு காரில் வரும்போது பொலிஸ்காரர் மறிக்கிறார். கலீலை வெளியே இறக்குகிறார். அவன் கார்க் கதவைத் திறந்து, பயப்படாமல் இருக்கிறாயா என்று அவளைப் பார்க்கத் திரும்பும்போது சுடுகிறார். துப்பாக்கி என்று அவர் நினைத்தது ஒரு தலைவாரி.

மறுநாளிலிருந்து கலீல் 'போதைப்பொருள் விற்றவன்' ஆகிவிடுகிறான். அவன் விற்றது உண்மை. ஏன் விற்றான் என்பது ஸ்ராருக்கே பின்னர்தான் தெரிய வருகிறது: போதைக்கு அடிமையான தாய் ஒரு கும்பல் தலைவனிடம் எடுத்ததற்கான கடனை அடைக்க. கணக்காளர் தொழில் பார்க்கும் எமக்கு இந்த இடம் நன்றாக விளங்குகிறது. செலவுப் பக்கத்தை மட்டும் காட்டி, வரவுப் பக்கத்தை மறைத்த கணக்கில் ஒவ்வொரு இலக்கமும் சரியாக இருக்கலாம். ஆனால் அந்தக் கணக்கு பொய். தொலைக்காட்சி கலீலுக்கு எழுதுவது அப்படியான கணக்கு. அதைத் திருத்தக்கூடிய ஒரே சாட்சி ஸ்ரார்.

அங்கே ஒரு சட்ட நடைமுறை குறுக்கே வருகிறது. பொலிஸ்காரர் மீது வழக்குத் தொடுக்கலாமா என்பதை 'கிராண்ட் யூரி' எனப்படும் குடிமக்கள் குழு மூடிய அறைக்குள் முடிவு செய்கிறது. அரச வழக்கறிஞர் எந்தச் சாட்சியத்தை முன்வைக்கிறாரோ அதையே அவர்கள் கேட்கிறார்கள். ஸ்ரார் துணிந்து சாட்சி சொல்கிறாள். ஆனாலும் வழக்குத் தொடுக்கப்படவில்லை. சாட்சி சொன்னால் நீதி கிடைக்கும் என்று இந்த நாவல் வாக்குக் கொடுக்கவில்லை. நீதி கிடைக்காதபோதும் சொல்ல வேண்டுமா என்றுதான் பிள்ளைகளைக் கேட்கிறது.

'ஆல் அமெரிக்கன் போய்ஸ்' அதே கேள்வியை மறுபக்கத்திலிருந்து கேட்கிறது. கடையில் திருடியதாகத் தவறாகச் சந்தேகிக்கப்பட்ட றஷாட் என்ற கறுப்பின மாணவனைப் பொலிஸ்காரர் அடித்து வைத்தியசாலையில் போடுகிறார். அதைப் பார்த்த வெள்ளையின மாணவன் குயினுக்கு அந்தப் பொலிஸ்காரர் நண்பனின் அண்ணன். தகப்பனை இழந்த பிறகு தன்னைப் பார்த்துக்கொண்டவர். வாய் திறந்தால் நன்றி கெட்டவன், திறக்காவிட்டால் பொய்யன். பார்த்தவன் சும்மா இருப்பதும் ஒரு பக்கம் சாய்வதுதான் என்பதை அவன் மெல்ல மெல்ல விளங்கிக்கொள்கிறான்.

இந்த நாவல்கள் பொலிஸாருக்கு எதிரானவை என்ற எதிர்ப்பும் எழுந்தது. 2018 இல் தென் கரோலினாவில் ஓர் உயர்நிலைப் பாடசாலையின் விடுமுறை வாசிப்புப் பட்டியலில் இந்த இரண்டு நாவல்களும் இருந்ததைப் பொலிஸார் சங்கமொன்று எதிர்த்தது. ஆனால் ஸ்ராரை வளர்த்த மாமா ஒரு பொலிஸ்காரர். றஷாட்டின் தகப்பனும் முன்னாள் பொலிஸ்காரர். ஆயுதமில்லாத ஓர் இளைஞனைத் தவறாகச் சுட்ட பாரம் அவர் மனதில் கிடக்கிறது. சீருடைக்குள்ளும் மனிதர் இருப்பதை இந்த நாவல்கள் மறைக்கவில்லை.

துக்கம் காக்க விடுவதில்லை

'த ஹேட் யு கிவ்' நாவலின் பகுதிகள், சம்பவம் நடந்து எத்தனை வாரம் என்ற கணக்கில் பிரிக்கப்பட்டிருக்கின்றன. எட்டு, முப்பத்தொன்று, ஆட்டைத் திவசம் என்று செத்தவீட்டு நாள் எண்ணிப் பழகிய எமக்கு இந்த எண்ணிக்கை புதிதல்ல. ஆனால் ஸ்ராருக்கு அழுவதற்கு நேரம் கிடைப்பதில்லை. நண்பனுக்காக அழ முன்னரே அவன் நல்லவன் என்று நிரூபிக்க வேண்டியிருக்கிறது.

'கோஸ்ட் போய்ஸ்' நாவலில் இறந்த சிறுவன் ஆவியாக அலையும்போது எமெட் ரில் என்ற இன்னொரு சிறுவனின் ஆவியைச் சந்திக்கிறான். எமெட் ரில் உண்மையில் வாழ்ந்தவன். 1955 இல் சிகாகோவிலிருந்து மிசிசிப்பிக்கு உறவினர் வீடு சென்றபோது வெள்ளையர்களால் அடித்துச் சுட்டுக் கொல்லப்பட்டான். வயது 14. அவனது தாய் சிதைந்த உடலை மூடாமல், எல்லோரும் பார்க்கப் பெட்டியைத் திறந்தே வைத்தார். கொன்றவர்களை யூரிகள் விடுவித்தார்கள். ஆனால் அந்தத் தாய் காட்டியதை எவராலும் மறைக்க முடியவில்லை. 2017 பெப்ரவரி முதல் கிளிநொச்சியில் பிள்ளைகளின் படங்களோடு வீதியோரம் அமர்ந்த தாய்மாரை அறிந்த எமக்கு, அவர் ஏன் அப்படிச் செய்தார் என்று எவரும் விளக்கத் தேவையில்லை.

எமக்கும் இதற்கும் என்ன?

ஸ்ராருக்கு 12 வயதானபோது, பொலிஸ் மறித்தால் எப்படி நடக்க வேண்டும் என்று தாய் தகப்பன் சொல்லிக் கொடுக்கிறார்கள். கை தெரிய வேண்டும், திடீரென அசையக் கூடாது, கேட்டதற்கு மட்டும் பதில். எமது தாய்மாரும் சோதனைச்சாவடிக்கு முன் எமக்கு இதைத்தான் சொல்லித் தந்தார்கள்: அடையாள அட்டையைக் கையில் எடுத்து வை, கண்ணைப் பார்க்காதே, வாய் காட்டாதே. அதனால் இந்தக் கதை எமக்குக் கிட்டவாக வருகிறது. ஆனால் இரண்டும் ஒன்றல்ல. அவர்களுடையது அடிமைத்தனத்தில் தொடங்கி நூற்றாண்டுகளாகத் தொடரும் வரலாறு. அதை எமது கதையாக எடுத்துக்கொள்வது சரியல்ல.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். இனத்தின் பெயரால் துரத்தப்பட்டு வந்த எம்மவர் சில வீடுகளில் 'காப்பிலி' என்ற சொல் இன்னும் சாதாரணமாகப் புழங்குகிறது. செய்தியில் ஒரு கறுப்பினப் பிள்ளை சுடப்பட்டால், "அவங்களும் சும்மா இருந்திருக்க மாட்டாங்கள்" என்று சொல்லிவிட்டுச் சாப்பிடுகிறோம். எமது பிள்ளைகளைக் கொன்றபோதும் உலகம் இதைத்தான் சொன்னது: ஏதாவது செய்திருப்பார்கள். பாடசாலையில் இந்த நாவலை வாசித்துவிட்டு வீட்டில் அந்தப் பேச்சைக் கேட்கும் பிள்ளை, எமது துயரத்தை நாம் சொல்லும்போது எப்படி நம்பும்?

பிள்ளைகளோடு வாசிக்க விரும்பும் பெற்றோருக்கு ஒரு குறிப்பு. 'கோஸ்ட் போய்ஸ்' சிறியது, எளிய ஆங்கிலம். பத்து, பதினொரு வயதிலிருந்து வாசிக்கலாம். மற்ற இரண்டிலும் கெட்ட வார்த்தைகளும் வன்முறையும் உண்டு. பதினான்கு வயதுக்கு மேல் பொருந்தும். ஆங்கில வாசிப்புச் சிரமமானவர்கள் 'த ஹேட் யு கிவ்' படத்தையாவது பிள்ளையோடு இருந்து பாருங்கள். முடிந்ததும் புத்திமதி சொல்ல வேண்டாம். "குயினின் இடத்தில் நீ இருந்தால் என்ன செய்திருப்பாய்?" என்று மட்டும் கேளுங்கள். அதே கேள்வியைப் பிள்ளை எம்மிடம் திருப்பிக் கேட்கும். அப்போது ஊரில் நாம் பார்த்ததை, இதுவரை பிள்ளைகளுக்குச் சொல்லாமல் வைத்திருப்பதை, சொல்லத் தொடங்கலாம்.