கைப்பற்றிய வண்டி யாருக்குச் சொந்தம்?

‘மணல் கடத்திய டிப்பர் பறிமுதல்’ என்று செய்தி வரும்போது, இரண்டு வெவ்வேறு செயல்கள் அந்த ஒரே சொல்லுக்குள் அடங்கிவிடுகின்றன. இரவு ரோந்தில் போலீஸ் வண்டியை மடக்கி நிலையத்துக்குக் கொண்டுபோவது கைப்பற்றல். அந்த வண்டி இனி அரசுக்கே சொந்தம் என்று தீர்ப்பது அரசுடைமையாக்கல். 1957ஆம் ஆண்டின் சுரங்கங்கள், கனிமங்கள் (மேம்பாடு, ஒழுங்குமுறை) சட்டம் இவற்றைத் தனித்தனியே வைத்திருக்கிறது. பிரிவு 21(4), அதிகாரம் பெற்ற அலுவலர் வண்டியைக் கைப்பற்ற இடம் தருகிறது. 21(4ஏ), அதை அரசுடைமையாக்கும் உரிமையை வழக்கை விசாரிக்கத் தகுந்த நீதிமன்றத்திடமே விடுகிறது. இந்த இரண்டுக்கும் நடுவே கழியும் மாதங்களில், சில சமயம் ஆண்டுகளில், வண்டி எங்கே நிற்க வேண்டும்? தக்க பிணையோடும் நிபந்தனையோடும் உரிமையாளரிடம் நிற்பதுதான் ஆற்றுக்கும் நல்லது என்பேன்.

வழக்கு முடியுமுன் வண்டியைக் கேட்கும் வழி, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 451, 457 பிரிவுகளாக இருந்தது. 2024 ஜூலை 1 முதல் அமலில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 497, 503 ஆகிவிட்டது. வழக்கைப் பொறுத்து மாஜிஸ்திரேட்டிடமோ கனிம வழக்குகளுக்கான சிறப்பு நீதிமன்றத்திலோ மனுப் போட வேண்டும். கேட்பவர் ஆர்.சி. புத்தகத்தில் பெயர் உள்ளவராக இருக்க வேண்டும். பெயர் மாற்றாமல் கைமாறிய வண்டிகள் சிக்குவது இங்கேதான். காப்பீடு, பர்மிட், மணலுக்கு நடைச்சீட்டு இருந்தால் அதுவும் சேர வேண்டும். நிலையங்களில் வண்டிகளை நெடுநாள் போட்டுவைப்பதில் பயனில்லை, பிணை பெற்று விரைவில் ஒப்படைக்கலாம் என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002இலேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. புதிய சட்டம் காலக்கெடுவும் வைக்கிறது: பொருள் நீதிமன்றத்தின் முன் வந்த 14 நாளில் அதன் விவரம் எழுதப்பட வேண்டும், படமோ வீடியோவோ எடுக்க வேண்டும், அதன்பின் 30 நாளில் என்ன செய்வதென்று ஆணையிட வேண்டும். படமே சாட்சியமாகும் என்றால், மழையில் துருப்பிடிக்கும் லாரி வழக்குக்குத் தரும் வலு என்ன?

‘வெளியே விட்டால் அன்று இரவே ஆற்றில் இறங்கும்’ என்பது எளிதில் தள்ளக்கூடிய மறுப்பு அல்ல. முறப்பநாட்டில் மணல் கொள்ளை குறித்துப் புகார் கொடுத்த கிராம நிர்வாக அலுவலர், 2023 ஏப்ரலில் தம் அலுவலகத்திலேயே வெட்டிக் கொல்லப்பட்டார். மணல் வண்டிகளை இடைக்காலமாக விடக் கூடாது என்று மதுரை உயர் நீதிமன்றக் கிளை 2018இல் கண்டிப்புக் காட்டியதன் பின்னணியில் இருப்பதும் இந்த அச்சமே. ஆனால் வண்டியை முடக்கிவைப்பது தண்டனையைத் தள்ளிப்போடும் வேலையாகவே முடிகிறது. 22ஆம் பிரிவின்படி, அதிகாரம் பெற்ற அலுவலர் எழுத்தில் புகார் தராமல் கனிமச் சட்டக் குற்றத்தை நீதிமன்றம் விசாரணைக்கு எடுக்க முடியாது. அந்தப் புகார் தாமதித்தால் அரசுடைமையாக்கலும் தாமதிக்கிறது. நிலையத்தில் நிற்கும் லாரி, வேலை நடந்துவிட்டது போன்ற தோற்றத்தை மட்டும் தருகிறது. விற்கக் கூடாது, அடையாளத்தை மாற்றக் கூடாது, கேட்டபோது கொண்டுவர வேண்டும், மறுபடி பிடிபட்டால் பிணைத்தொகை போய்விடும் என்ற உத்தரவோடு வெளியே வரும் வண்டி, தீர்ப்பு நாளிலும் விலையுள்ள வண்டியாக அரசிடம் வரும். இரண்டாம் முறை பிடிபட்டவருக்கு இந்தச் சலுகையை மறுப்பதில் எனக்கு எதிர்ப்பில்லை.

அபராதம் கட்டினால் எல்லாம் முடிந்தது என்று உரிமையாளர்கள் நம்புவதும் தவறு. 23ஏ பிரிவில் சமரசத் தொகை கட்டினால் கனிமச் சட்ட வழக்கு முடியும். திருட்டு வழக்கு அதனால் முடியாது என்று ஜெயந்த் வழக்கில் 2020இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. மாட்டு வண்டிக்காரரின் நிலை இன்னும் கடினம். லாரிக்காரர் வக்கீல் வைப்பார், தவணையைச் சமாளிப்பார், இவரிடம் ஆர்.சி. புத்தகமே கிடையாது, மாடுகளுக்கோ தினமும் தீனி வேண்டும். இத்தகைய மனுக்களை முதலில் எடுக்க வேண்டும். வண்டி எதுவானாலும், கைப்பற்றும் நேரத்தில் எழுதும் மகஜரை உரிமையாளர் வாசித்துப் பார்க்க வேண்டும்: என்ஜின் எண், சேசிஸ் எண், டயர்கள், பேட்டரி, ஏற்றியிருந்த மணலின் அளவு. திரும்பப் பெறும் நாளில் எது குறைந்தது என்று கேட்க அந்தத் தாள் இருந்தால்தான் முடியும்.