தந்தையின்மையும் பிள்ளைகளின் வளர்ச்சியும்: ஒரு சமூகவியல் நோக்கு

குடும்பம் என்னும் நிறுவனம் பற்றிய நவீன ஆய்வுகளிலே தாய்க்கு அளிக்கப்பட்ட இடம் தந்தைக்கு நெடுங்காலம் அளிக்கப்படவில்லை. உலக சுகாதார நிறுவனத்துக்காக 1951 இல் ஜோன் போல்பி எழுதிய அறிக்கை, குழந்தையின் உளநலத்துக்குத் தாயின் இடையறாத பராமரிப்பு இன்றியமையாதது என வற்புறுத்தியது. தந்தையோ, தாய்க்குப் பொருளாதார ஆதரவும் மனத்துணையும் வழங்கும் ஒருவராகவே அதிற் பெரிதும் நோக்கப்பட்டார். 1975 இல் மைக்கல் லாம் என்னும் உளவியலாளர், தந்தையர் குழந்தை வளர்ச்சியில் மறக்கப்பட்ட பங்காளிகள் என எழுதி இக்குறைபாட்டைச் சுட்டிக்காட்டினார்.

எனினும், ஆய்வுலகுக்கு வெளியே தந்தையின்மை பற்றிய தீர்ப்புகளுக்கு என்றும் குறைவிருந்ததில்லை. தகப்பனில்லாத பிள்ளை கட்டுப்பாடின்றி வளரும், படிப்பிற் பின்தங்கும், பெண்பிள்ளையாயின் அவளது எதிர்காலம் கேள்விக்குரியதாகும் என்பன நம்மிடையே வாதமின்றி ஏற்கப்பட்ட கருத்துக்களாகும். இக்கருத்துக்கள் எந்த அளவுக்கு உண்மையானவை? உண்மையாயின், அவ்விளைவுகளைத் தோற்றுவிப்பது தந்தை என்னும் ஆளின் இன்மையா, அன்றி அவ்வின்மையைச் சூழ்ந்துள்ள சமூக நிலைமைகளா? இவ்வினாக்களை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. தந்தைமை என்னும் சமூகப் பணி

தந்தைமை உயிரியல் உறவு மட்டுமன்று. அது ஒரு சமூகப் பணியுமாகும். புரொய்டின் உளப்பகுப்பாய்வு, தந்தையைக் குடும்பத்தின் அதிகார வடிவமாகவும் பிள்ளையின் மனச்சாட்சி உருவாவதற்கான அடிப்படையாகவும் கண்டது. இதனை எல்லாச் சமூகங்களுக்கும் பொதுவான விதியாகக் கொள்ள முடியாதென்பதை மானிடவியலாளரான மலினோவ்ஸ்கி 1927 இல் வெளியிட்ட நூலில் எடுத்துக்காட்டினார். அவர் ஆராய்ந்த துரோபிரியண்ட் தீவுகளின் தாய்வழிச் சமூகத்தில், பிள்ளைகள் மீதான அதிகாரம் தாயின் சகோதரனுக்கே உரியது. தந்தை அன்புக்குரிய தோழனாகவே விளங்கினான். ஒரு சமூகத்தில் ஒருவரிடத்தே குவிந்துள்ள பணிகள் பிறிதொரு சமூகத்திற் பலரிடையே பகிரப்படலாம் என்பது இதனாற் பெறப்படும்.

நமது சமூகத்திலும் இதற்குச் சான்றுகள் உள. மட்டக்களப்புப் பிரதேசத்தில் குடி தாய்வழியாகவே கணிக்கப்படுகிறது; திருமணத்தின்பின் கணவன் மனைவியின் வீட்டில் வாழ்வதும், வீடு பெண்மக்களைச் சேர்வதும் அங்கு வழக்கமாகும். அத்தகைய அமைப்பிலே தந்தையை இழந்த பிள்ளை இருப்பிடத்தையும் உடன் இழப்பதில்லை. ஒல்லாந்தர் காலத்தில் 1707 இல் தொகுக்கப்பட்ட தேசவழமையும், தந்தை இறந்தவிடத்து, பிள்ளைகளை வளர்க்கும் பொறுப்போடு சொத்தைத் தாயின் கையில் இருக்கவிடுகின்றது. தந்தையின்மையால் எழும் இடரை உணர்ந்து, அதற்கேற்ற ஒழுங்குகளைச் சமூகம் வகுத்திருந்தது என்பதையே இவை காட்டுகின்றன.

சங்க இலக்கியமும் இவ்விடத்து நினைவுகூரத்தக்கது. புறநானூற்றில், மகனைச் சான்றோனாக்குதல் தந்தையின் கடன் எனக் கூறப்படுகின்றது. அதே தொகுதியிலேதான் பாரி மகளிரின் பாடலும் இடம்பெறுகின்றது. அப்பெண்கள் தந்தையை இழந்தபோது தம் குன்றையும் உடன் இழந்தனர். தந்தையின் நண்பரான கபிலர் அவர்களை அழைத்துச் சென்று மணமுடித்துக் கொடுக்க முயன்றார். அவர் அணுகிய விச்சிக்கோனும் இருங்கோவேளும் அதற்கு இணங்கவில்லை. தந்தையின் பணியை வேறொருவர் ஏற்கலாம். ஆயினும் தந்தையோடு மறைந்த நிலத்தையும் தகுதியையும் அவரால் மீட்டுத்தர முடியாது. இவ்வேறுபாடு நமது ஆய்வுக்கு மிக முக்கியமானது.

2. ஆய்வுகள் காட்டுவன

தந்தையின்மை பற்றிய ஆய்வுகளிற் பெரும்பாலானவை ஐக்கிய அமெரிக்காவில் நிகழ்ந்தவை. அவற்றின் வரலாறே ஓர் எச்சரிக்கையாகும். 1965 இல் வெளியான மொய்னிகன் அறிக்கை, கறுப்பின மக்களின் பின்னடைவைத் தந்தையற்ற குடும்ப அமைப்போடு இணைத்து விளக்கியது. வேலையின்மை அக்குடும்பங்களைச் சிதைத்தமையை அவ்வறிக்கை குறிப்பிட்டதாயினும், விவாதத்தில் எஞ்சியது குடும்பத்தின் குறைபாடே. 1971 இல் வில்லியம் றயன் எழுதிய நூல், இது பாதிக்கப்பட்டவர் மீதே பழிசுமத்தும் போக்கு எனக் கண்டித்தது. 1974 இல் கரொல் ஸ்டாக், வறிய கறுப்பினக் குடும்பங்களிடையே பாட்டியரும் சிறிய தாய்மாரும் அயலவரும் பிள்ளை வளர்ப்பைப் பகிர்ந்துகொள்ளும் உறவு வலைப்பின்னலை விரிவாகப் பதிவுசெய்தார்.

பிற்காலத்து ஆய்வுகள் மேலும் நுணுக்கமானவை. 1994 இல் மக்லனகனும் சண்டிபரும் வெளியிட்ட நூலின்படி, ஒரு பெற்றோருடன் வளரும் பிள்ளைகள் உயர்பாடசாலையை இடையில் விட்டுவிலகும் வாய்ப்பு ஏனையோரைவிட ஏறத்தாழ இருமடங்காகும். ஆனால் அவ்வேறுபாட்டின் ஏறக்குறைய அரைப்பங்கு வருமானக் குறைவினாலேயே விளக்கப்படக்கூடியது. இன்னொன்றும் அதிற் கவனிக்கத்தக்கது. தந்தை இறந்தமையால் தாயுடன் வளர்ந்த பிள்ளைகள், மணமுறிவினால் அந்நிலைக்கு வந்த பிள்ளைகளைவிட நன்னிலையில் இருந்தனர். இன்மையே காரணமாயின் இருசாராரிடையே இவ்வேறுபாடு தோன்ற நியாயமில்லை. விதவையருக்கும் அவர்தம் பிள்ளைகளுக்கும் 1939 முதல் அந்நாட்டின் சமூகப் பாதுகாப்புத் திட்டம் உதவுதொகை வழங்குகின்றது என்பதையும், மரணம் குடும்பத்துக்கு இழுக்காகக் கருதப்படுவதில்லை என்பதையும் இங்கு மனங்கொள்ளல் வேண்டும்.

இதனால் தந்தையின் இன்மைக்கு நேரடி விளைவே இல்லை என்று முடிவுசெய்தல் தவறாகும். மக்லனகனும் அவரது சக ஆய்வாளரும் 2013 இல் 47 ஆய்வுகளை மீளாய்வுசெய்து எழுதிய கட்டுரை, வறுமை முதலிய பிற காரணிகளைக் கட்டுப்படுத்திய பின்னரும் சில விளைவுகள் எஞ்சுவதாகக் காட்டியது. கீழ்ப்படியாமை, ஆத்திரம், சண்டை போன்ற நடத்தைச் சிக்கல்களே அவற்றுள் முதன்மையானவை. சிறுபராயத்தில் நேரும் இன்மை கூடுதலாகப் பாதிக்கின்றது. ஆண்பிள்ளைகளிடம் அதன் தாக்கம் மிகுதி. வளர்ந்தபின் உளநலத்திலும் அதன் சுவடு தென்படுகின்றது. ஆயின் அறிவாற்றலைக் குறைக்கின்றது என்பதற்கு ஆதாரம் வலுவற்றது. தகப்பனில்லாத பிள்ளைக்குப் படிப்பு ஏறாது என்னும் நம்பிக்கைக்கு ஆய்வின் ஆதரவு இல்லையென்பதை ஆசிரியர்கள் சிறப்பாகக் கவனித்தல் வேண்டும்.

3. இன்மையின் வகைகள்

தந்தையின்மை என ஒரே சொல்லாற் குறிக்கப்படுவது உண்மையிற் பல நிலைமைகளின் தொகுதியாகும். 1972 இல் மேவிஸ் ஹெதரிங்ரன் பதின்மூன்று முதல் பதினேழு வயதுவரையிலான 72 பெண்பிள்ளைகளை ஆராய்ந்தார். மணமுறிவினால் தந்தையைப் பிரிந்தோர் ஆண்களின் கவனத்தை நாடும் போக்குடையோராகவும், மரணத்தால் இழந்தோர் ஆண்கள் முன்னிலையிற் கூசி ஒதுங்குவோராகவும் காணப்பட்டனர். சிறியதோர் ஆய்வே இது. எனினும், தந்தை எவ்வாறு இல்லாமற் போனார் என்பதும், அதுபற்றி வீட்டில் என்ன கதை கூறப்படுகின்றது என்பதும் பிள்ளையின் உள்ளத்தை உருவாக்குகின்றன என்பதை அது உணர்த்திற்று.

இறந்த தந்தைக்கு ஈமக்கிரியை உண்டு, ஆண்டுத்திவசம் உண்டு, சுவரிலே படம் உண்டு. வெளிநாடு சென்ற தந்தை தொலைவிலிருந்தே பணமும் குரலும் அனுப்புகின்றார். கைவிட்டுச் சென்ற தந்தை பற்றியோ வீட்டிற் பேச்சே எழுவதில்லை. இவை யாவற்றினின்றும் வேறுபட்டது, காணாமலாக்கப்பட்ட தந்தையின் நிலை. வியட்நாம் போரிற் காணாமற்போன படையினரின் குடும்பங்களை 1970களில் ஆராய்ந்த போலின் பொஸ், இந்நிலையைத் தெளிவற்ற இழப்பு என்னும் கருத்துப்பட விளக்கினார். உடலால் இல்லாதவர் உள்ளத்தில் இருந்துகொண்டேயிருக்கிறார். துயரம் தொடங்கவும் முடியாது, முடியவும் முடியாது.

4. வடக்கு கிழக்கு அனுபவம்

மேற்கூறிய மூன்று காரணிகளும், அதாவது வருமான இழப்பு, சமூகத்தின் பார்வை, இழப்பின் தெளிவின்மை ஆகியன, ஒருங்கே கூடிய களமாக நமது வடக்கும் கிழக்கும் உள்ளன. 2009 மே மாதத்திற் போர் முடிவுற்றது. அடுத்த ஆண்டில் அப்போதைய மகளிர் விவகாரப் பிரதியமைச்சர், கிழக்கில் 49,000, வடக்கில் 40,000 என 89,000 போர் விதவையர் உள்ளதாகத் தெரிவித்தார். அத்தொகைக்குப் பின்னால் எத்தனை பிள்ளைகள் என்பது எண்ணிப்பார்க்க வேண்டியதொன்றாகும்.

இங்கு வர்க்க வேறுபாடு தெளிவாகப் புலப்படுகின்றது. அரச ஊழியர் இறந்தால் அவரது குடும்பத்துக்கு விதவைகள், அநாதைகள் ஓய்வூதியம் கிடைக்கும்; அதற்கான சட்டம் 1898 இலேயே இயற்றப்பட்டது. கடற்றொழிலாளியினதும் வயற்கூலியினதும் குடும்பங்களுக்கு அதற்கு ஒப்பான உறுதிப்பாடு இருந்ததில்லை. எழுதுவினைஞரின் மகனுக்குத் தந்தையின் மரணம் துயரம். கூலித்தொழிலாளியின் மகனுக்கு அது துயரத்தோடு பாடசாலையை விடுதலும் ஆகும். மூத்த மகன் தொழிலுக்குச் செல்வதும், மூத்த மகள் தம்பி தங்கையரைப் பார்க்க வீட்டில் நிற்பதும் பிள்ளைப்பருவத்தையே அவர்களிடமிருந்து பறித்துவிடுகின்றன. இவ்வாறு இடைவிலகிய பிள்ளையையே, தகப்பனில்லாமற் கெட்டுப்போனது என ஊர் பேசுகின்றது.

காணாமலாக்கப்பட்டோரின் பிள்ளைகள் நிலை இதனினும் சிக்கலானது. உதவி பெறவும் காணி, வங்கிக் கணக்கு முதலியவற்றைக் கையாளவும் மரணச் சான்றிதழ் வேண்டப்பட்டது. அதைப் பெறுவதோ தந்தையைத் தம் கையாலேயே கொன்றதற்கு ஒப்பெனப் பல குடும்பங்கள் கருதின. 2016 ஆம் ஆண்டின் 16 ஆம் இலக்கச் சட்டம் காணக்கிடைக்காமைச் சான்றிதழை அறிமுகப்படுத்தி, மரணத்தை ஏற்காமலே உரிமைகளைப் பெற வழிசெய்தது. அதே ஆண்டில் காணாமற்போன ஆட்கள் பற்றிய அலுவலகத்துக்கான சட்டமும் நிறைவேறியது. ஆயினும் உறவினர் கேட்பது சான்றிதழன்று, விடையே என்பதை 2017 பெப்ருவரியிற் கிளிநொச்சியில் ஆரம்பமான தொடர்போராட்டம் உணர்த்தியது. 2009 இல் ஐந்து வயதுப் பிள்ளையாயிருந்த ஒருவர் 2022 இற் பதினெட்டு வயதை எட்டிவிட்டார். அவரது பிள்ளைப்பருவம் முழுவதும் காத்திருப்பிலேயே கழிந்தது. தாயின் சிந்தை முழுவதும் தேடலில் ஆழ்ந்திருக்கையில் அப்பிள்ளை தாயையும் ஓரளவு இழக்கின்றது என்பது உளவியலாளர் கவனிக்கவேண்டிய உண்மையாகும்.

பேராசிரியர் தயா சோமசுந்தரம் வடபகுதி பற்றிய தமது ஆய்வுகளில், இவ்வகைப் பாதிப்பைத் தனிமனித நோயாக மட்டும் கருதாது கூட்டு உளக்காயமாகக் காணவேண்டுமென வாதிட்டுள்ளார். தாய்மாமனும் பேரனும் அயலும் தந்தையின் பணியைப் பகிர்ந்துகொண்ட மரபு நமக்குண்டு; இடப்பெயர்வும் உயிரிழப்பும் புலம்பெயர்வும் அம்மரபைத் தாங்கிய மனிதரையே சிதறடித்துவிட்டன. ஆகவே சமூகமே பிள்ளையைத் தாங்கும் என்று கூறி அரசு தன் பொறுப்பினின்றும் நீங்கிக்கொள்ளல் இயலாது.

5. முடிவுரை

தந்தையின் இன்மை பிள்ளையைப் பாதிக்கின்றது என்பது உண்மை. ஆனால் அப்பாதிப்பின் பெரும்பகுதி வறுமையினூடாகவும், தாயின் தனிமையினூடாகவும், ஊரின் வாயினூடாகவுமே பிள்ளையை வந்தடைகின்றது. இவை மூன்றும் மாற்றக்கூடியவை. எனவே தந்தையற்ற பிள்ளையைக் குறைபாடுடைய பிள்ளை எனக் கொள்வது அறிவியலுக்கும் நீதிக்கும் முரணானது. பிள்ளைகளுக்கான நிலையான உதவுதொகை, தாய்மாருக்குக் கௌரவமான தொழில், மாணவரை அவமதிக்காத வகுப்பறை ஆகியன உடனடித் தேவைகள். காணாமலாக்கப்பட்டோரின் பிள்ளைகளுக்கு இவற்றின் மேலும் ஒன்று வேண்டும்: தந்தைக்கு நேர்ந்தது யாதென அறியும் உரிமை. அவ்வுண்மை மறுக்கப்படும்வரை அவர்களது துயரத்துக்கு எந்த உளவளத்துணையும் முழுமையான பரிகாரமாக அமையாது.