கிருபையும் விடுதலையும்

விடுதலை இறையியல் என்றவுடனே நம்மில் பலருக்கும் நினைவுக்கு வருவோர் லத்தீன் அமெரிக்கக் கத்தோலிக்கக் குருமார்களே. பெரு நாட்டுக் குருவாகிய குஸ்தாவோ குத்தியெரெஸ் 1971-இல் வெளியிட்ட நூலே அச்சிந்தனையை உலகறியச் செய்தது. ஆகவே அந்நினைவில் பிழையில்லை. ஆயினும், விடுதலை இறையியலை நோக்கி என்னும் பொருளுடைய தலைப்பிட்டு, பிரேசில் நாட்டுப் பிரஸ்பிட்டேரியன் போதகர் ரூபெம் ஆல்வெஸ் 1968-லேயே அமெரிக்காவின் பிரின்ஸ்டனில் ஓர் ஆராய்ச்சி நூலைச் சமர்ப்பித்துவிட்டார் என்பது வெகு சிலரே அறிந்த செய்தி. புரொட்டஸ்டன்ட் இறையியலுக்கும் விடுதலைச் சிந்தனைக்கும் உள்ள உறவு ஏதோ பிற்காலத்தில் ஒட்டவைத்த உறவன்று. விடுதலைச் சிந்தனையைப் பெற்றெடுத்தோரில் புரொட்டஸ்டன்ட் இறையியலும் ஒன்று, அதே சமயம் அச்சிந்தனையின் முன் குற்றவாளிக் கூண்டில் நின்றதும் அதுவே.

சுவிட்சர்லாந்தின் ஆர்காவ் மாகாணத்தில் சாஃபன்வில் என்றொரு சிற்றூர் உண்டு. நெசவும் சாயமும் பின்னலாடையுமே அக்காலத்தில் அவ்வூருக்கு ஜீவாதாரம். ஜெர்மனியின் மகா பண்டிதர்களிடம் பாடங்கேட்டுத் தேறிய கார்ல் பார்த் 1911-இல் அவ்வூர்ச் சபைக்குப் போதகராக வந்து சேர்ந்தபோது அவருக்கு வயது இருபத்தைந்து. சொற்பக் கூலிக்கு ஆலைகளில் உழைத்துச் சோர்ந்த ஜனங்களே தம் சபையில் மிகுதி என்று கண்ட அந்த இளம் போதகர், வேதாகமத்தோடு ஆலைச் சட்டங்களையும் தொழிற்சங்க விவரங்களையும் கற்றார். கற்றதைத் தொழிலாளர்க்கும் போதித்தார். வந்த ஆண்டின் இறுதியிலேயே இயேசுவையும் தொழிலாளர் இயக்கத்தையும் இணைத்து அவர் ஆற்றிய சொற்பொழிவு ஆலை முதலாளிகளின் கோபத்தைக் கிளறிவிட, அவர்கள் குடும்பத்தவர் ஒருவர் உள்ளூர்ப் பத்திரிகையில் அவரைக் கண்டித்துப் பகிரங்கக் கடிதம் வெளியிட்டார். பார்த்தும் பின்வாங்காமல் அதே பத்திரிகையில் பதில் எழுதினார். ஊரார் அவரைச் சிவப்புப் போதகர் என்று அழைக்கத் தொடங்கியதில் வியப்பில்லை.

இந்நிலையில் 1914-ஆம் ஆண்டு மகாயுத்தம் மூண்டது. ஜெர்மனியின் போரை நியாயப்படுத்தி அந்நாட்டு அறிஞர் 93 பேர் கையொப்பமிட்டு வெளியிட்ட அறிக்கையில், தாம் போற்றி வணங்கிய ஹார்னாக், ஹெர்மன் ஆகிய ஆசிரியர்களின் பெயர்களையும் கண்டு பார்த் இடிந்துபோனார். மனிதனுடைய சமய உணர்ச்சியிலும் நாகரிகத்தின் உன்னதத்திலும் கடவுளைக் காணலாம் என்று ஒரு நூற்றாண்டாகச் சொல்லிவந்த தாராளவாத இறையியல், அந்த நாகரிகமே பீரங்கியைத் தூக்கியபோது அதனை எதிர்த்துச் சொல்ல ஒரு வார்த்தையும் இன்றி நின்றது. ஆகவே பார்த், ரோமருக்கு எழுதிய நிருபத்திற்கு ஒரு விரிவுரை எழுதி 1919-இல் வெளியிட்டு, 1922-இல் அதனை அடியோடு திருத்தி எழுதினார். கடவுள் கடவுளே, மனிதன் மனிதனே. எந்த அரசும் எந்த இனமும் எந்தப் பண்பாடும் கடவுளைத் தன் உடைமையாக்கிக்கொள்ள முடியாது. கிருபை மேலிருந்து வருவதேயன்றி மனிதன் சமைத்துக்கொள்வதன்று என்பதே அவ்விரிவுரையின் உயிர்நாடி.

அந்த எண்ணம் ஏட்டளவில் நின்றுவிடவில்லை. ஹிட்லருடைய ஆட்சியைத் தெய்வச் செயலென்று புகழ்ந்த சபைத் தலைவர்களை எதிர்த்து, 1934 மே மாதம் பார்மன் நகரில் கூடிய சபையார் பிரகடனம் செய்தபோது, அதன் பெரும்பகுதியை வரைந்தவர் பார்த்தே. கிறிஸ்துவையன்றி வேறு எவரையும் சபை தன் ஆண்டவராகக் கொள்ளாது என்று அது முழங்கிற்று. ஆயினும் அன்று துன்பத்தின் வாயில் அகப்பட்டிருந்த யூத மக்களைப் பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை; அதனை வலியுறுத்தாமற் போனது தம் குற்றமே என்று பார்த் முதுமையில் ஒப்புக்கொண்டார். நவீன புரொட்டஸ்டன்ட் இறையியலின் பலமும் பலவீனமும் அந்த ஒரே பிரகடனத்தில் அடங்கியிருப்பதாகவே நான் கருதுகிறேன்: சிம்மாசனத்தில் இருப்பவனை நோக்கி முடியாதென்று சொல்லும் ஆற்றல் அதற்கு இருந்தது, காலடியில் நசுங்குகிறவனைப் பெயர் சொல்லி அழைக்கும் ஆற்றல் இல்லை.

அப்பெயரைச் சொல்ல வந்தவர் ஜேம்ஸ் கோன். அமெரிக்காவின் ஆர்கன்சா மாநிலத்தில் பியர்டன் என்னும் சிற்றூரில் வளர்ந்த இக்கறுப்பினத்தவர், 1965-இல் டாக்டர் பட்டம் பெற்றதே கார்ல் பார்த்தின் இறையியலை ஆராய்ந்துதான். ஆனால் பருத்தி வயல்களிலிருந்து கல்லூரிக்கு வந்த கறுப்பின மாணவர் முன் நின்றபோது, தாம் அரும்பாடுபட்டுக் கற்ற ஐரோப்பியச் சாஸ்திரம் இவர்களுக்கு என்ன சொல்லும் என்ற கேள்வி அவரைக் குடைந்தது. 1967 ஜூலையில் டெட்ராய்ட் நகரம் பற்றியெரிந்து 43 பேர் மாண்டார்கள். அடுத்த ஏப்ரலில் மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்டார். அந்தக் கோடையில், லிட்டில் ராக் நகரில் தம் சகோதரர் ஊழியஞ்செய்த ஆலயத்தில் அமர்ந்து, கோன் தமது முதல் நூலைச் சில வாரங்களில் எழுதி முடித்தார். 1969-இல் அது வெளிவந்தது. ஜெர்மானிய இனப்பெருமைக்கு முன் பார்த் உரைத்த மறுப்பை, வெள்ளை இனப்பெருமைக்கு முன் அமெரிக்கச் சபைகள் ஏன் உரைக்கவில்லை என்று அவர் கேட்டார். எகிப்தில் அடிமைகளின் கூக்குரலைக் கேட்டு இறங்கிவந்த கடவுள் அமெரிக்காவில் எந்தப் பக்கம் நிற்பார் என்பதில் அவருக்கு ஐயம் சிறிதும் இல்லை.

அவரும் விமர்சனத்துக்குத் தப்பவில்லை. வெள்ளையர் சாஸ்திரத்தையே இன்னும் பற்றி நிற்கிறாய் என்று சொந்தச் சகோதரரே அவர்மீது குறை கண்டார். கறுப்பினப் பெண்களின் துயரம் உன் நூல்களில் எங்கே என்று கறுப்பினப் பெண் இறையியலாளர் கேட்டனர். இரண்டையும் அவர் ஏற்றுத் தம்மைத் திருத்திக்கொண்டார். 2011-இல் எழுதிய நூலில், கறுப்பினத்தாரை ஆயிரக்கணக்கில் தூக்கிலிட்ட மரங்களையும் கல்வாரிச் சிலுவையையும் அருகருகே நிறுத்தி, சிலுவையைப் பற்றி அத்தனை ஆழமாக எழுதிய அமெரிக்க இறையியலாளர் ரைன்ஹோல்ட் நீபரின் கண்ணுக்கு அம்மரங்கள் ஏன் புலப்படவில்லை என்று கேட்கிறார். படிக்கிறவர் எளிதில் தாண்டிச் செல்லத்தக்க கேள்வியன்று அது.

இதே வழக்கு வேறொரு முகத்தோடு லத்தீன் அமெரிக்காவிலும் நடந்தது. இரண்டாம் உலக யுத்தத்தில் சிறைப்பட்டு, அச்சிறைவாசத்தில் விசுவாசம் கண்ட ஜெர்மானியரான யூர்கன் மோல்ட்மான், 1964-இல் நம்பிக்கையின் இறையியலையும் 1972-இல் சிலுவையில் அறையப்பட்ட கடவுளைப் பற்றிய நூலையும் எழுதிப் புகழ்பெற்றவர். அர்ஜென்டீனாவின் மெதடிஸ்ட் இறையியலாளர் ஹோசே மிகெஸ் போனினோ, நீங்கள் எதிர்காலத்தைப் பேசுகிறீர்களேயொழிய இன்றைய போராட்டத்தில் பக்கஞ்சேரத் தயங்குகிறீர்கள் என்று அவரை விமர்சித்தார். அதற்கு மோல்ட்மான் ஒரு பகிரங்கக் கடிதத்தில், உங்கள் நூல்களில் எங்கள் ஐரோப்பாவும் மார்க்ஸும் தெரிகிற அளவுக்கு உங்கள் மக்களின் வாழ்க்கை தெரியவில்லையே என்று சற்றுக் காரமாகவே விடையிறுத்தார். ஆயினும் அவர் மனம் அங்கேயே நின்றுவிடவில்லை. பிற்காலத்தில், கறுப்பர் இறையியல் வெள்ளையருக்கும், பெண்ணிய இறையியல் ஆண்களுக்கும் கற்பிப்பது யாது என்று தாமே மாணவராக அமர்ந்து எழுதினார்.

1989 நவம்பர் 16 அன்று, எல் சால்வடோர் தலைநகரில் உள்ள கத்தோலிக்கப் பல்கலைக்கழக வளாகத்துள் இராணுவத்தினர் புகுந்து, ஏழைகளின் பக்கம் நின்ற இயேசு சபைக் குருமார் அறுவரையும் அங்கிருந்த சமையற்காரப் பெண்ணையும் அவள் மகளையும் சுட்டுக் கொன்றனர். அக்குருமாரோடு வசித்த விடுதலை இறையியலாளர் ஜான் சொப்ரினோ அன்று வெளிநாட்டில் இருந்தமையால் பிழைத்தார். கொலையுண்ட ஒருவரின் உடலைச் சொப்ரினோவின் அறைக்குள் இழுத்துப் போட்டபோது, அலமாரியிலிருந்து ஒரு புத்தகம் விழுந்து இரத்தத்தில் தோய்ந்தது. அது மோல்ட்மானின் சிலுவை நூலுடைய ஸ்பானிய மொழிபெயர்ப்பு. இன்றும் அப்பல்கலைக்கழகத்தில் கண்ணாடிப் பேழைக்குள் அது பாதுகாக்கப்பட்டு வருகிறது.

இந்த விவாதம் நம் நாட்டுக்கும் அந்நியமன்று. மதுரை அரசரடியிலுள்ள தமிழ்நாடு இறையியல் கல்லூரியில் ஆசிரியராயிருந்த தியாபிலஸ் அப்பாவு, ஒடுக்கப்பட்ட மக்களின் நாட்டுப்புற மெட்டுக்களையே ஆராதனைக்குள் கொண்டுவந்தவர். கடவுளை எந்தக் கட்சியும் எந்த இயக்கமும் சொந்தங்கொண்டாட முடியாது என்னும் பார்த்தின் எச்சரிக்கை விடுதலைச் சிந்தனைக்கும் வேண்டும். அவ்வெச்சரிக்கையை யாருடைய அருகில் நின்று உரைக்கிறோம் என்னும் கோனின் கேள்வி பார்த்தின் சீடருக்கும் வேண்டும். ஆகவே இறையியல் பயிலும் நம் மாணவர்க்கும், ஞாயிறுதோறும் பிரசங்கபீடம் ஏறும் நம் போதகர்க்கும் என் வேண்டுகோள் இதுவே: பார்த்தைப் படித்த கையோடு கோனையும் படியுங்கள், இருவரையும் படித்தபின் உங்கள் சபையில் கடைசி வரிசையில் அமர்ந்திருப்பவரிடம் சென்று பேசுங்கள்.