உங்களுக்குத் தெரியுமா? முதுகுப் பைக்குள் ஒரு படகு!

அலாஸ்காவின் ஹோமர் ஊரிலிருந்து கச்செமாக் விரிகுடாவைப் படகில் கடந்து, காட்டுப் பாதையில் சுமார் 5 கிலோமீட்டர் நடந்தால் க்ரூவிங்க் பனியாற்று ஏரி வரும். வழிகாட்டியோடு போகிறவர்கள் ஆளுக்கொரு படகையும் சுமந்து செல்வதுண்டு. ‘பேக்ராஃப்ட்’ என்கிற இந்தக் காற்றுப் படகின் எடை பெரும்பாலும் 2 முதல் 4 கிலோதான். கழற்றி மாட்டும் துடுப்பு தனி.

பம்பு கூடத் தேவையில்லை. லேசான நைலான் பையை விரித்துக் காற்றைப் பிடித்து, வாயைச் சுருட்டி மூடி, அந்தக் காற்றைப் படகுக்குள் அமுக்குகிறார்கள். சில நிமிட வேலை. ஆனால் தண்ணீரில் இறக்கியதும் படகு தொளதொளத்துவிடும். ஓட்டை என்று பதற வேண்டாம்! பனியுருகிய நீரின் குளிரில் உள்ளிருக்கும் காற்று சுருங்குகிறது, அவ்வளவுதான். வாயால் இன்னும் கொஞ்சம் ஊதினால் விறைத்துக்கொள்ளும்.

மிதக்கும் பனிக்கட்டிகளின் அருகே மட்டும் போகக் கூடாது. நீருக்கடியில் உருகி, சட்டென்று புரண்டுவிடும்.

பையில் படகு என்பது புது யோசனையும் அல்ல. 1840-களிலேயே பிரிட்டிஷ் கடற்படை லெப்டினன்ட் பீட்டர் ஹால்கெட், மேலங்கியாகப் போட்டுக்கொள்ளும் ரப்பர் படகைச் செய்தார். கைத்தடிதான் துடுப்பு, குடைதான் பாய்! கடற்படை வாங்க மறுத்தது. ஆனால் ஆர்க்டிக் பயணி ஜான் ரே 1846-இல் தன் பயணத்துக்கு ஹால்கெட்டின் காற்றுப் படகு ஒன்றை எடுத்துப்போனார்.