1915 முதல் உந்துகொட வரை: குமாரி ஜயவர்தன காட்டும் பாடம்

1915 கலவரம் என்றதும் எமக்கு நினைவுக்கு வருவது கம்பளைப் பள்ளிவாசலும் பெரஹரா வழக்கும்தான். மே மாத இறுதியில் கண்டியில் மூண்ட அந்தத் தீ, சப்ரகமுவ உட்பட ஐந்து மாகாணங்களுக்குப் பரவியது. ஜூன் 2ஆம் திகதி இராணுவச் சட்டம் பிரகடனப்படுத்தப்பட்டது. ஆனால் ஒரு பள்ளிவாசல் தகராறு ஏன் இவ்வளவு தூரம் பரவியது?

வரலாற்றாசிரியர் குமாரி ஜயவர்தன 1970இல் எழுதிய கட்டுரையில் இதன் பொருளாதாரக் காரணங்களை ஆராய்ந்தார். முதலாம் உலகப் போரால் பொருட்களின் விலை ஏறியிருந்தது. சம்பளம் ஏறவில்லை. சாதாரண மக்களுக்கு விலையேற்றத்தின் முகமாகத் தெரிந்தவர் பக்கத்துக் கடைக்காரரான முஸ்லிம் வியாபாரிதான். கொழும்பில் ரயில்வே தொழிலாளர்களும் கலவரத்தில் இறங்கினர். 1912இல் இதே ரயில்வே தொழிலாளர்கள்தான் நிர்வாகத்துக்கு எதிராக வேலைநிறுத்தம் செய்திருந்தனர். காரணத்தை விளக்குவது குற்றத்தை மன்னிப்பதாகாது. ஆனால் காரணம் புரியாமல் அடுத்த கலவரத்தைத் தடுக்கவும் முடியாது.

இலங்கைத் தொழிலாளர் இயக்கத்தின் எழுச்சி பற்றிய அவரது நூல் 1972இல் அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகப் பதிப்பகத்தில் வெளிவந்தது. 1893 அச்சுத் தொழிலாளர் வேலைநிறுத்தத்திலிருந்து தொடரும் அந்தக் கதையில் ஒரு கசப்பான திருப்பமும் உண்டு. 1923 பொது வேலைநிறுத்தத்தில் எல்லா இனத்தவரையும் ஒன்றுசேர்த்த ஏ. ஈ. குணசிங்க, 1930களில் வேலையின்மை வந்தபோது மலையாளத் தொழிலாளர்களுக்கு எதிராகத் திரும்பினார்.

கேகாலை மாவட்டத்திலும் இதே சோதனை வந்தது. 1946இல் உந்துகொடவிலுள்ள நேவ்ஸ்மயர் தோட்டத்தைக் கிராம விஸ்தரிப்புக்காக அரசு சுவீகரித்தது. லயன்களில் வாழ்ந்த இந்திய வம்சாவளித் தொழிலாளர்களை வெளியேறச் சொன்னது. அவர்கள் மறுத்தனர். ஏனைய தோட்டத் தொழிலாளர்கள் அவர்களுக்காக வேலைநிறுத்தம் செய்தனர். வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. காணியற்ற சிங்களக் கிராமத்தவரின் தேவை நியாயமானது. ஆனால் அந்தத் தேவைக்கு விலை கொடுக்கும்படி கேட்கப்பட்டவர்கள் அவர்களைப் போலவே ஏழைகள். இரண்டாண்டுகளில் வந்த 1948 பிரஜாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் பெரும்பாலானோரை நாடற்றவர்களாக்கியது.

அந்த மக்களின் தொழிற்சங்கத் தலைவர்களுள் முன்னணியில் நின்றவர் அப்துல் அஸீஸ் என்ற முஸ்லிம் என்பதை எமது இளைஞர்களில் எத்தனை பேர் அறிவார்கள்? 1950களின் நடுவில் இலங்கைத் தொழிலாளர் காங்கிரஸிலிருந்து பிரிந்து ஜனநாயகத் தொழிலாளர் காங்கிரஸை அமைத்தவர் அவர்.

2001இல் மாவனல்லையிலும், 2018இல் திகனையிலும் எமது கடைகள் எரிந்தன. 2019இல் அவற்றைப் புறக்கணிக்கச் சொன்னார்கள். விலையேற்றமும் வேலையின்மையும் வரும் ஒவ்வொரு முறையும் யாரோ ஒரு சிறுபான்மையை நோக்கி விரல் நீட்டப்படுகிறது. அந்த விரல் தோட்டத் தொழிலாளியை நோக்கி நீளும்போது நாம் மௌனமாக இருந்தால், எம்மை நோக்கி நீளும்போது யாரிடம் நீதி கேட்பது?