பகிர்நூலகமும் பணிச் சமநிலையும்

கணிப்பொறியியலில் நூலகம் என்பது ஏடுகளின் தொகுதியன்று. பல நிரல்களுக்கும் பொதுவாக வேண்டப்படும் செயல்முறைகளைத் தொகுத்து வைத்த கோப்பே ஆண்டு நூலகம் எனப்படும். அஃது ஒவ்வொரு நிரலினுள்ளும் படியெடுத்துச் சேர்க்கப்படுதலும் உண்டு. தனிக்கோப்பாக நின்று, நிரல் இயங்குங்கால் அதனோடு வந்து இணைதலும் உண்டு. பின்னதே பகிர்நூலகம். விண்டோசில் டிஎல்எல் என்றும், லினக்சில் எஸ்ஓ என்றும் முடியும் கோப்புகள் இவ்வகையின. இவ்விரண்டனுள் ஒன்றைத் தேர்தல் பெரும்பாலும் வசதி பற்றியதே. ஆயின் இணைக் கணிப்பிற்குரிய நூலகங்களில் அத்தேர்வு பணியின் பயனையே மாற்றவல்லது. அதன் காரணத்தை விளக்குதல் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. பகுத்தலின் அருமை

ஏறத்தாழ 2005 முதல் செயலிகளின் கடிகார வேகம் முன்போல் உயரவில்லை. அதற்கு மாறாக, ஒரே சில்லில் கோர் எனப்படும் கணிப்புறுப்புகள் பலவாயின. ஒரு வேலையைக் கூறுபடுத்திப் பல கோர்களில் ஒருங்கே செய்வித்தல் இணைக் கணிப்பு எனப்படும். கூறுபடுத்துங்கால் எழும் இடர்ப்பாட்டை நம் துறைக்குரிய எடுத்துக்காட்டொன்றால் உணரலாம். குறுந்தொகை, நற்றிணை, அகநானூறு ஆகிய மூன்றிற்கும் கணிப்பொறி கொண்டு சொல்லடைவு அமைப்பதாகக் கொள்வோம். மூன்றும் நானூறு என எண்ணப்பெறும் தொகைகளே. நூலுக்கு ஒன்றாக மூன்று கோர்களிடம் ஒப்படைப்பின் பங்கு ஒத்தது போலத் தோன்றும். ஆனால் குறுந்தொகைக்கு 4 முதல் 8 அடியும், நற்றிணைக்கு 9 முதல் 12 அடியும், அகநானூற்றிற்கு 13 முதல் 31 அடியும் எல்லையாகக் கூறுவர். எனவே குறுந்தொகையைப் பெற்ற கோர் விரைவில் முடித்து வாளா இருக்க, அகநானூற்றைப் பெற்றது நெடிது உழைக்கும். மொத்தப் பணியோ கடைசிக் கோர் முடிக்கும்போதுதான் முடியும்.

அடியளவை எண்ணிப் பங்கிடலாகாதோ எனின், இவ்வெடுத்துக்காட்டிற்கு அஃது ஓரளவு பொருந்தும். பல கணிப்புகளில் ஒரு கூற்றின் பளு, அதனைச் செய்து முடித்த பின்னரே புலனாகும்.

2. பணிக்கவர்வு

ஒருவனை நடுவே நிறுத்தி அனைவர்க்கும் வேலை அளிக்கச் செய்தல் ஒரு முறை. கோர்கள் மிகுமிடத்து அந்நடுவனைச் சுற்றியே நெரிசல் உண்டாகும். வேலை தீர்ந்தவனே பிறரிடம் சென்று வேலை கொள்ளுதல் மற்றொரு முறை. இதனைப் பணிக்கவர்வு எனலாம். மாசச்சூசெட்சுத் தொழில்நுட்பக் கழகத்தில் தோன்றிய சில்க் என்னும் நிரல்மொழி இம்முறையைக் கையாண்டது. அதன் திறனை ராபர்ட் புளூமோஃபும் சார்லசு லெய்சர்சனும் 1994இல் கணித வாயிலாக நிறுவினர்.

இம்முறையில், இழை எனப்படும் ஒவ்வொரு பணியாளுக்கும் தனிவரிசை ஒன்று உண்டு. உரியவன் தான் இறுதியாக இட்ட பணியையே முதலில் எடுப்பான். அதற்குரிய தரவு அண்மை நினைவகத்தில் இருத்தலின் விரைவு கூடும். கவர வருவோன் ஏதேனும் ஒரு வரிசையைக் குறிப்பின்றித் தேர்ந்து, அதன் மறுமுனையிலுள்ள பழைய பணியைக் கொள்வான். பழையது பெரும்பாலும் இன்னும் பகுக்கப்படாத பெரும்பணி ஆதலின், ஒருமுறை கவர்ந்தது நெடுநேரம் போதும். இங்ஙனம் தேடும் சுமை பெரிதும் வேலையற்றவனையே சாரும். உழைப்பவனுக்கு இடையூறு மிகக் குறைவு.

3. ஒரே கோப்பு வேண்டப்படுதல்

இன்டெல் நிறுவனம் 2006இல் வெளியிட்டு 2007இல் மூலநிரலையும் திறந்து வழங்கிய டிபிபி என்னும் நூலகம் இம்முறையினது. எட்டுக் கோர்களுடைய பொறியில் இயங்கும் நிரலொன்றில் படங்களைத் திருத்தும் பகுதியும், கணக்கிடும் பகுதியும் டிபிபியைத் தத்தமக்குள் தனித்தனியே படியெடுத்து வைத்திருப்பின், ஒவ்வொன்றும் எட்டு எட்டாகப் பதினாறு இழைகளை எழுப்பக்கூடும். அவை எட்டுக் கோர்களுக்குப் போட்டியிடுதலின் மாறிமாறி நிறுத்தி இயக்குவதிலேயே காலம் கழியும். அன்றியும், ஒரு குழுவினர் மற்றொரு குழுவின் வரிசையை அறியார். ஆதலின் கவர்தலும் இயலாது. பகிர்நூலகமாயின் இரு பகுதிகளும் ஒரே கோப்பின் ஒரே பணிக்குழுவை அடையும். டிபிபியை ஆக்கியோர் அதனைப் பகிர்கோப்பாகவே பயன்படுத்த அறிவுறுத்துதற்கு இதுவே காரணம்.

4. எல்லை

எனினும் பணிச் சமநிலையால் எல்லாம் கைகூடும் எனல் பொருந்தாது. ஒரு வேலையில் பத்தில் ஒரு பங்கு ஒன்றன்பின் ஒன்றாகவே செய்தற்குரியதாயின், கோர்கள் எத்துணை பெருகினும் வேகம் பத்து மடங்கைத் தாண்டாது. இவ்வரம்பு 1967இல் ஜீன் ஆம்டால் முன்வைத்த கருத்தினின்று பெறப்படுவது. பகுக்கத்தக்க எஞ்சிய பகுதியின் பயனை முழுதும் பெறுதற்கோ, பணியாளர் அனைவரும் ஒரே கணக்கில் அடங்குதல் வேண்டும். அதற்கு இடமளிப்பது பகிர்நூலகம் என்பது இதனால் தெளிவாம்.